லாரி கோஹன்: நியூயார்க் தெருவில் எழுதிய திரைக்கதைகள்

பதிவு 1 · நள்ளிரவுக்காட்சி

அமெரிக்கத் திரைக்கதை ஆசிரியரும் இயக்குநருமான லாரி கோஹனுக்கு இங்கே தனி இழை இல்லாதது எனக்கு வெகுநாள் மனக்குறை. திகில் பட இயக்குநர்களான ஜார்ஜ் ரொமேரோவைப் பற்றியும் ஜான் கார்பென்டரைப் பற்றியும் பக்கம் பக்கமாகப் பேசியிருக்கிறோம். கோஹன் பெயர் வந்தால் மட்டும் "அனுமதி வாங்காமல் நியூயார்க் தெருக்களில் படம் எடுத்தவர்" என்று ஒரு வரி எழுதிவிட்டு நகர்ந்துவிடுகிறோம். அந்த வரி பொய்யில்லை. ஆனால் அவருடைய பெருமை அங்கே இல்லை என்பது என் கட்சி.

அவர் முதலில் எழுத்தாளர். இருபது வயதைத் தாண்டியவுடனே அமெரிக்கத் தொலைக்காட்சிக்கு எழுதத் தொடங்கிவிட்டார். 1965இல் 'பிராண்டட்', 1967இல் 'தி இன்வேடர்ஸ்' என்று தொடர்களை உருவாக்கினார். முதல் தொடரின் நாயகன், கோழை என்று அநியாயமாகப் பழி சுமத்தப்பட்டுப் படையிலிருந்து துரத்தப்பட்டவன். இரண்டாவதன் நாயகன், மனித உருவில் உலவும் வேற்றுக்கிரகவாசிகளைக் கண்ணால் பார்த்தும் யாரையும் நம்பவைக்க முடியாதவன். பின்னாளில் அவர் இயக்கிய படங்களின் விதை இந்த இரண்டு பேரிடமும் இருக்கிறது. ஊரே ஒருவனைச் சந்தேகிக்கும். அவனிடமோ தன் பக்கத்து உண்மையைத் தவிர வேறு சாட்சி கிடையாது.

தன் எழுத்தைப் பிறர் படமாக்கிய விதம் அவருக்கு நிறைவு தரவில்லை. அதனால்தான் கேமராவைக் கையில் எடுத்தார். 1972இல் முதல் படம் 'போன்'. பெவர்லி ஹில்ஸில் ஒரு பணக்காரத் தம்பதியின் வீட்டுக்குள் யாஃபெட் கோட்டோ நடித்த திருடன் நுழைகிறான். மனைவியைப் பிடித்து வைத்துக்கொண்டு, பணம் எடுத்து வரும்படி கணவனை வங்கிக்கு அனுப்புகிறான். வெளியே போன கணவனுக்கு வழியிலேயே ஒரு யோசனை வருகிறது: திரும்பிப் போகாவிட்டால் என்ன? அங்கிருந்து படம் எங்கெல்லாமோ போகிறது. அந்த வீட்டில் பணமே இல்லை, எல்லாம் கடன் என்பதும் மெல்ல வெளிவருகிறது. இதை எந்த வகைப் படம் என்று சொல்லி விற்பது என்று விநியோகத் தரப்புக்கே விளங்கவில்லை. வெவ்வேறு பெயர்களை ஒட்டிப் பார்த்தார்கள், ஓடவில்லை. இன்றைக்குப் பார்த்தால், பெரிய ஸ்டுடியோ எதுவும் அந்த ஆண்டில் தொட்டிருக்கவே முடியாத படம்.

பணம் குறைவு என்பது அவருக்கு ஒரு பாணி அல்ல. தான் எழுதியதில் ஒரு வரியைக்கூடப் பிறர் மாற்றாமல் இருக்க அவர் கொடுத்த விலை அது. இதை ஒப்புக்கொள்ளாதவர்கள் இருந்தால் வாருங்கள், பேசுவோம்.


பதிவு 2 · செல்லுலாய்டு

ஒப்புக்கொள்ளாதவன் நான்தான், நண்பரே.

கோஹனின் கருக்கள் அபாரம். அதில் எனக்கு மறுப்பே இல்லை. ஆனால் அவர் படங்கள் பெரும்பாலும் முதல் பிரதியாகவே நின்றுவிடுகின்றன. கரு பிறந்த வேகத்தில் எழுதி, எழுதிய வேகத்தில் எடுத்து, எடுத்ததை அப்படியே ஒட்டிவிட்டார் என்ற உணர்வு திரும்பத் திரும்ப வருகிறது. கடைசி இருபது நிமிடங்களைப் பாருங்கள். எந்தப் படத்திலாவது முடிவு அதன் தொடக்கத்துக்கு ஈடாக நிற்கிறதா?

'ஹெல் அப் இன் ஹார்லம்' ஒன்று போதும். 1973இல் 'பிளாக் சீசர்' ஓடியதும் அதே ஆண்டிலேயே அதன் தொடர்ச்சி வேண்டும் என்று அமெரிக்கன் இன்டர்நேஷனல் நிறுவனம் கேட்டது. நாயகன் ஃபிரெட் வில்லியம்சன் வார நாட்களில் வேறொரு படத்தில் இருந்தார். கோஹனும் வார நாட்களில் 'இட்ஸ் அலைவ்' எடுத்துக்கொண்டிருந்தார். அதனால் சனி, ஞாயிறில் அதே குழுவை வைத்து இந்தப் படம். நாயகன் வர முடியாத காட்சிகளில் முதுகைக் காட்டும் டூப். சண்டைக்குக் காரணம் தெரிவதற்குள் அடுத்த சண்டை வந்துவிடுகிறது. விமான நிலையத்தில் பெட்டிகள் சுழன்று வரும் பட்டையின் மேலேயே ஒரு சண்டை நடக்கிறது. பார்க்க நன்றாகத்தான் இருக்கிறது, ஆனால் அந்த இருவர் ஏன் அங்கே வந்தார்கள் என்று கேட்டால் பதில் கிடையாது.

எழுத்தைக் காப்பாற்றத்தான் குறைந்த செலவு என்கிறீர்கள். இந்தப் படத்தில் எந்த எழுத்து காப்பாற்றப்பட்டது?


பதிவு 3 · நள்ளிரவுக்காட்சி

'ஹெல் அப் இன் ஹார்லம்' படத்துக்காக நான் வாதாடப் போவதில்லை, அண்ணா. அது வியாபாரத்துக்காகச் செய்த வேலை. ஆனால் அதன் முதல் பாகத்தின் முடிவைக் கொஞ்சம் பாருங்கள்.

'பிளாக் சீசர்' கதையில் நியூயார்க்கின் ஹார்லம் பகுதியில் பிறந்த கறுப்பினச் சிறுவன் ஒருவன் வளர்ந்து பெரிய தாதாவாகிறான். கடைசியில் குண்டடிபட்டு, வயிற்றைப் பிடித்துக்கொண்டு ஐந்தாவது அவென்யூ வழியாகத் தள்ளாடி நடக்கிறான். கூட்டம் முழுக்க நிஜ வழிப்போக்கர்கள். சிலர் திரும்பிப் பார்க்கிறார்கள், சிலர் பார்த்தும் பாராததுபோல் போகிறார்கள். ஒரு துணை நடிகரிடம் 'பார்த்தும் பாராததுபோல் போ' என்று சொல்லி இதை வாங்கவே முடியாது. பின்னணியில் ஜேம்ஸ் பிரவுன் இசை. அங்கேயே முடித்திருக்கலாம். கோஹன் எழுதிய முடிவு இன்னும் கொடியது. பிறந்து வளர்ந்த குடியிருப்புக்கே திரும்புகிறான். அது இடிந்து கிடக்கிறது. அங்கே திரியும் விடலைப் பையன்கள் கூட்டம் ஒன்று, இவன் யார் என்றே தெரியாமல், கையிலிருக்கும் கடிகாரத்துக்காக இவனை அடித்துப் போடுகிறது. ஒருகாலத்தில் இவனும் அப்படிப்பட்ட பையன்தானே.

முன்னோட்டக் காட்சியில் ரசிகர்களுக்குக் கோபம் வந்தது. அமெரிக்கத் திரையரங்குப் பிரதிகளில் அந்தக் காட்சியை வெட்டினார்கள். வெட்டியதால்தான் நாயகன் உயிர் பிழைத்தான், இரண்டாம் பாகமும் வந்தது. நீங்கள் திட்டும் படமே, நல்ல முடிவு ஒன்றை வெட்டியதால் பிறந்ததுதான்.


பதிவு 4 · கத்தரிக்கோல்

படத்தொகுப்பு மேசையில் உட்காருபவன் என்ற முறையில் 'இட்ஸ் அலைவ்' பற்றி எழுத வேண்டும் என்று கை பரபரக்கிறது.

பிறந்தவுடனே பிரசவ அறையில் இருப்பவர்களைக் கொன்றுவிட்டுத் தப்பும் குழந்தை. இந்த ஒரு வரியைக் கேட்டால் யாருக்கும் மலிவான படம் என்றுதான் தோன்றும். ரிக் பேக்கர் செய்த உருவத்தை வைத்துக்கொண்டு எத்தனை நெருக்கக் காட்சிகள் வேண்டுமானாலும் எடுத்திருக்கலாம். கோஹன் அதைக் காட்டவே மாட்டேன் என்கிறார். ஒரு நகம், ஒரு கண், புல்லில் ஓர் அசைவு, தரையோடு தரையாக நகரும் மங்கலான பார்வை. தொகுப்பில் அந்தத் துண்டுகளின் நீளத்தைக் கவனியுங்கள். இது என்ன என்று மனம் கேட்டு முடிப்பதற்குள் வெட்டு விழுந்துவிடும். மீதி நேரமெல்லாம் தகப்பன் ஜான் பி. ரயனின் முகம்.

அந்த முகம்தான் படம். தொடக்கத்தில் அவன் குழந்தையை வெறுக்கிறான். "அது என் பிள்ளையே இல்லை" என்று ஊருக்கு நிரூபிக்க, தன் கையாலேயே சுட்டுவிடத் துடிக்கிறான். கடைசியில் லாஸ் ஏஞ்சலஸின் மழைநீர்ச் சுரங்கங்களுக்குள் துப்பாக்கியோடு இறங்குகிறான். இருட்டில் குழந்தை அழுகிறது. இவன் பேச ஆரம்பிக்கிறான். பயப்படாதே என்கிறான். கோட்டைக் கழற்றி அதைச் சுற்றி எடுத்து மார்போடு அணைத்துக்கொண்டு, வெளியே காத்திருக்கும் போலீஸை நோக்கி நடக்கிறான். அத்தனை நேரமும் அந்த ஜந்துவுக்குப் பயந்துகொண்டிருந்த நாம், யாரும் சுட்டுவிடக் கூடாதே என்று பதறுகிறோம். இதைச் செய்ய எந்தத் தந்திரக் காட்சியும் தேவைப்படவில்லை. ஒரு கோட்டு போதுமாக இருந்தது.

இசை பெர்னார்ட் ஹெர்மன். ஹிட்ச்காக்கோடு வேலை செய்த மனிதர், முன்பின் பெரிதாகப் பேசப்படாத ஓர் இயக்குநரின் சிறிய படத்துக்கு வாசித்தார். 1975 டிசம்பரில் 'டாக்ஸி டிரைவர்' இசைப்பதிவை முடித்த அன்று மாலை, கோஹனின் அடுத்த படத்தின் தொகுப்பைப் பார்த்துவிட்டு அவரோடு இரவு உணவு சாப்பிட்டுப் போனார். அன்றிரவு உறக்கத்திலேயே இறந்துபோனார். அந்தப் படம் 'காட் டோல்டு மீ டூ'. வேறொருவர் இசையமைத்து வெளிவந்தது. படத்தை ஹெர்மனுக்கே காணிக்கையாக்கினார் கோஹன்.

செல்லுலாய்டு அண்ணா, முடிவு ஈடாக நிற்கும் படம் ஒன்றுகூட உண்டா என்று கேட்டீர்களே. 'இட்ஸ் அலைவ்' இருக்கிறது.


பதிவு 5 · வெண்திரை

எல்லோரும் அனுமதியில்லாப் படப்பிடிப்பை ஒரு வீரச் செயலாகவே சொல்லிக்கொண்டு போகிறீர்கள். எனக்கு அதில் ஒரு நெருடல் உண்டு. 

'காட் டோல்டு மீ டூ' படத்தில் நியூயார்க் புனித பேட்ரிக் தின அணிவகுப்பு வருகிறது. சீருடையில் அணிவகுத்துப் போகும் ஒரு போலீஸ்காரர் திடீரென்று துப்பாக்கியை உருவிச் சுடுகிறார். அந்தச் சிறு வேடத்தில் நகைச்சுவைக் கலைஞர் ஆண்டி காஃப்மன். அணிவகுப்பு நிஜம், கூட்டம் நிஜம், காவலர்களும் நிஜம். எவரிடமும் முன்கூட்டிக் கேட்கவில்லை. அங்கே நின்ற காவலர் ஒருவர் அந்த நடிகரை நிஜமாகவே ஆபத்தானவர் என்று எண்ணியிருந்தால் என்ன ஆகியிருக்கும்?

'க்யூ' படத்தில் நியூயார்க்கின் வானளாவிய கிரைஸ்லர் கட்டடத்தின் உச்சியிலிருந்து இயந்திரத் துப்பாக்கிகளால் சுடும் காட்சி. வெற்றுத் தோட்டாக்கள்தான். ஆனால் சத்தம் கேட்டுக் கீழே தெருவில் மக்கள் பதறியதை, அதைப் பற்றிப் பத்திரிகை கண்டித்து எழுதியதை, கோஹனே பேட்டிகளில் உற்சாகமாகச் சொல்லியிருக்கிறார். அந்த உற்சாகத்தை என்னால் பகிர்ந்துகொள்ள முடியவில்லை. கீழே நடந்துபோனவர்கள் அவருடைய படத்தில் நடிக்க ஒப்புக்கொண்டவர்கள் அல்லர்.

'க்யூ' வெளிவந்த அதே 1982இல்தான் 'ட்விலைட் ஸோன்' படப்பிடிப்பில் ஹெலிகாப்டர் விழுந்து நடிகர் விக் மாரோவும் இரண்டு குழந்தைகளும் இறந்தார்கள். அந்தக் குழந்தைகளை இரவில் வேலைக்கு வைத்ததற்கு முறையான அனுமதி கிடையாது. அனுமதிச் சீட்டு என்பது வெறும் அலுவலகத் தொல்லை இல்லை. அதற்குப் பின்னால் யாரோ ஒருவரின் உயிர் இருக்கிறது.


பதிவு 6 · செல்லுலாய்டு

வெண்திரை சொன்னதை அப்படியே வழிமொழிகிறேன்.


பதிவு 7 · நள்ளிரவுக்காட்சி

வெண்திரை, உங்கள் கேள்வி நியாயமானது. இதற்கு மழுப்பலாகப் பதில் சொல்லக் கூடாது. கிரைஸ்லர் உச்சியில் துப்பாக்கிச் சத்தம் எழுப்பியதை நானும் ஆதரிக்க மாட்டேன். அங்கே யாருக்கும் காயமில்லை என்பதில் அவருடைய திறமையைவிட அதிர்ஷ்டத்துக்கே பங்கு அதிகம். ஆனால் நீங்கள் சொன்ன ஹெலிகாப்டர் விபத்து, பெரிய ஸ்டுடியோவின் பணமும் பெரிய பெயர்களும் இருந்த படப்பிடிப்பில் நடந்தது. அஜாக்கிரதை சிறிய படங்களின் தனிச்சொத்து அல்ல.

'க்யூ' பற்றி எழுத எனக்கு வேறு காரணமும் உண்டு. அது பிறந்த விதத்திலேயே கோஹனின் மொத்தத் தொழில் வாழ்க்கையும் தெரிகிறது.

'ஐ, தி ஜூரி' என்ற படத்தை இயக்க நியூயார்க் வந்திருந்தார். படப்பிடிப்பு தொடங்கிய சில நாட்களிலேயே தயாரிப்புத் தரப்பு அவரை நீக்கிவிட்டது. வேறொருவராக இருந்தால் பெட்டியைக் கட்டிக்கொண்டு ஊர் திரும்பியிருப்பார். கோஹன் அதே ஊரில், கையில் இருந்த இன்னொரு திரைக்கதையை எடுத்துச் சில நாட்களுக்குள் வேறு படத்தைத் தொடங்கிவிட்டார். செலவு பத்து லட்சம் டாலரைச் சற்றே தாண்டியது. அஸ்டெக் மக்களின் சிறகு முளைத்த பாம்புத் தெய்வம் நியூயார்க் வானத்தில் பறந்து, கூரைகளில் இருப்பவர்களைத் தூக்கிப் போகிறது. கூடு கட்டியிருப்பது கிரைஸ்லர் கட்டடத்தின் கூர்முனைக்குள்.

இந்தக் கதையை யார் எழுதினாலும் நாயகன் போலீஸ்காரராகவோ விஞ்ஞானியாகவோதான் இருப்பார். கோஹன் எழுதியதில் மையம் ஜிம்மி க்வின் என்ற சில்லறைத் திருடன். மைக்கேல் மொரியார்டி நடித்தது. ஒரு மதுக்கூடத்தில் பியானோ வாசிக்கும் வேலை கேட்டு வருகிறான். உட்கார்ந்து, தானே கட்டிய பாட்டை, பாதி வார்த்தையும் பாதி முனகலுமாகப் பாடுகிறான். பாட்டு நன்றாக இருக்கிறதா இல்லையா என்று நம்மால் தீர்மானிக்கவே முடியாது. தோள்கள் துள்ளுகின்றன, கண்கள் மூடியிருக்கின்றன, வாழ்நாளில் ஒருமுறையாவது யாரேனும் தன்னைப் பாராட்ட மாட்டார்களா என்ற ஏக்கம் அந்த முதுகிலேயே தெரிகிறது. வேலை கிடைப்பதில்லை. மொரியார்டிக்கு நிஜமாகவே பியானோ வரும் என்று தெரிந்த பிறகு கோஹன் சேர்த்த காட்சி இது. நடிகரிடம் இருப்பதைக் கண்டவுடன் அன்றைக்கே கதைக்குள் கொண்டுவரும் சுதந்திரம், ஒவ்வொரு பக்கத்துக்கும் கையெழுத்து வாங்க வேண்டிய இடத்தில் இருக்காது.

பிறகு ஒரு கொள்ளை கெட்டுப்போகிறது. ஒளிய இடம் தேடிக் கட்டடத்தின் உச்சிக்கு ஏறுகிறவன் முட்டையைப் பார்க்கிறான். இந்த நகரத்துக்கே தேவைப்படும் ஓர் உண்மை தன் ஒருவனுக்கு மட்டும் தெரியும் என்று உணர்ந்த அந்தக் கணத்தில் அவன் முகம் மாறுவதைப் பாருங்கள். நேரே மாநகராட்சியிடம் போய்ப் பேரம் பேசுகிறான்: பத்து லட்சம் டாலர், வரி கிடையாது, பழைய குற்றங்களுக்கெல்லாம் மன்னிப்பு. பறக்கும் பாம்புப் படம் பார்க்க வந்த நமக்கு, வாழ்க்கை முழுக்க மிதிபட்ட ஒருவன் அதிகாரம் கைக்கு வந்ததும் எவ்வளவு அற்பமாக நடந்துகொள்கிறான் என்று காட்டுகிறார். அவன்மேல் கோபம் வருகிறது, அதைவிட அதிகமாக இரக்கம் வருகிறது.


பதிவு 8 · செல்லுலாய்டு

மொரியார்டியின் நடிப்புக்கு நானும் அடிமைதான். அந்தப் படத்தைப் பற்றி விமர்சகர் ரோஜர் ஈபர்ட் எழுதிய சம்பவம் ஒன்று உண்டு. விமர்சகர் ரெக்ஸ் ரீட், தயாரிப்பாளர் சாமுவேல் ஆர்காஃபிடம், இவ்வளவு குப்பைக்கு நடுவில் இப்படி ஓர் அற்புதமான நடிப்பா என்று வியந்தாராம். குப்பை என்னுடைய யோசனை என்று பதில் சொன்னாராம் ஆர்காஃப்.

எல்லோரும் இதைச் சொல்லிச் சிரிப்பார்கள். எனக்கு அதில் ஒரு வருத்தம். அந்தக் குப்பைக்கும் நடிப்புக்கும் நடுவே இருக்கும் பிளவு அப்படியே திரையில் தெரிகிறது. நடிகர்கள் வானத்தைப் பார்த்து அலறி முடித்த பிறகுதான் பாம்பின் அசைவுப் படங்கள் தனியாகச் செய்து ஒட்டப்பட்டன. டேவிட் ஆலனும் ராண்டல் வில்லியம் குக்கும் தேர்ந்த கலைஞர்கள். அவர்களுக்கு முன்கூட்டியே சொல்லி, அதற்கேற்ப ஷாட்களைத் திட்டமிட்டிருந்தால், கடைசிச் சண்டை அந்தப் பியானோ காட்சிக்குப் பக்கத்தில் நின்றிருக்கும். இன்னும் ஒரு மாதம் பொறுத்திருக்கக் கூடாதா என்றுதான் கேட்கிறேன். சுதந்திரத்தையும் அவசரத்தையும் நீங்கள் ஒன்றாக்கிவிடுகிறீர்கள்.


பதிவு 9 · மின்மினி

வணக்கம். இங்கே புதியவள். இந்த இழையைப் படித்த பிறகு 'இட்ஸ் அலைவ்' படத்தையும் 'போன்' படத்தையும் தேடிப் பிடித்துப் பார்த்தேன். ஒரு சந்தேகம்.

'போன்' படத்தின் கணவன் பழைய கார்களைத் தொலைக்காட்சி விளம்பரத்தில் தோன்றி விற்பவன். தொடக்கத்திலேயே அந்த விளம்பரம் வருகிறது. சிரித்துக்கொண்டே கார்களைக் காட்டுகிறான். கார்களுக்குள் இரத்தம் தோய்ந்த பிணங்கள். 'இட்ஸ் அலைவ்' தகப்பன் மக்கள் தொடர்பு நிறுவனத்தில் வேலை பார்ப்பவன். தன் குழந்தையின் செய்தி பரவியதும் அவனால் நிறுவனத்துக்குக் கெட்ட பெயர் என்று வேலையிலிருந்து விலக்கி வைக்கிறார்கள். இரண்டு படத்திலும் நாயகன் பிம்பத்தை விற்றுப் பிழைப்பவன். தற்செயலா?


பதிவு 10 · கத்தரிக்கோல்

அருமை. இத்தனை வருடமாக இவர் படங்களைப் பார்த்தும் நான் இந்த இரண்டையும் பக்கத்தில் வைத்துப் பார்த்ததில்லை.

இன்னும் சேர்த்துக்கொள்ளுங்கள், மின்மினி. 1985இல் வந்த 'தி ஸ்டஃப்'. நிலத்தடியிலிருந்து வெள்ளையாக ஏதோ ஒன்று பொங்குகிறது. யாரோ நக்கிப் பார்க்கிறார்கள், இனிக்கிறது. டப்பாவில் அடைத்து இனிப்பாக விற்கத் தொடங்கிவிடுகிறார்கள். நாடே அதற்கு அடிமையாகிறது. அதுவோ தின்றவர்களை உள்ளிருந்து தின்கிறது. அதன் விளம்பரத்தை உருவாக்கிய பெண்தான் கதையின் நாயகி. இடையிடையே அந்தத் தின்பண்டத்தின் விளம்பரங்கள் முழுசாக வருகின்றன, நடனம், வெளிச்சம் எல்லாவற்றோடும். கடைசியில் அதை விற்ற முதலாளிகளைத் துப்பாக்கி முனையில் நிறுத்தி அவர்களையே தின்னவைக்கிறார்கள். செல்லுலாய்டு அண்ணாவுக்கு இந்த முடிவு பிடிக்கும்.

அவர் திரைக்கதை எழுதிய 'ஃபோன் பூத்' படத்தின் நாயகனும் விளம்பரத் தரகன்தான். நடிகர்களைப் பற்றிப் பத்திரிகைகளில் செய்தி வரவைப்பது அவன் பிழைப்பு.

'இட்ஸ் அலைவ்' படத்தில் மருந்து நிறுவனத்தின் ஆள் ஒருவர் வருவாரே, நினைவிருக்கிறதா? அந்தக் குழந்தையின் உடலை ஆராய்ந்தால் தங்கள் மாத்திரைதான் காரணம் என்று தெரிந்துவிடும், ஆகவே எதுவும் மிஞ்சாமல் அழிக்க வேண்டும் என்று மருத்துவரிடம் பேசுவார். தாலிடோமைட் மாத்திரையால் ஆயிரக்கணக்கான குழந்தைகள் உறுப்புக் குறையோடு பிறந்து பத்துப் பதினைந்து ஆண்டுகள்தான் ஆகியிருந்தன. பார்த்தவர்களுக்கு யாரும் விளக்க வேண்டியிருக்கவில்லை.

பேயும் பூதமும் வெளியூரிலிருந்து வருவதில்லை இவர் படங்களில். நாம் விற்றதும் வாங்கியதும்தான் பல் முளைத்துத் திரும்பி வருகிறது.


பதிவு 11 · பழையசுருள்

விநியோகப் பக்கத்தைப் பற்றி யாரும் எழுதவில்லை. ஒரு சுயாதீன இயக்குநரின் ஆயுள் அங்கேதான் தீர்மானமாகிறது. அதனால் சில வார்த்தைகள்.

'இட்ஸ் அலைவ்' 1974இல் வந்தது. வாங்கிய வார்னர் பிரதர்ஸ் நிர்வாகத்துக்கு அதில் நம்பிக்கை இல்லை. விளம்பரமே இல்லாமல் அங்கொன்றும் இங்கொன்றுமாகப் போட்டுவிட்டு எடுத்துவிட்டார்கள். அந்த நிலையில் பெரும்பாலோர் ஸ்டுடியோவைத் திட்டிவிட்டு அடுத்த வேலைக்குப் போவார்கள். கோஹன் காத்திருந்தார். நிர்வாகத்தில் ஆட்கள் மாறினார்கள். புதிதாக வந்தவர்களிடம் போய், இந்தப் படத்தை ஒருமுறை பாருங்கள் என்று கேட்டார். அவர்கள் பார்த்தார்கள். 1977இல் புது விளம்பரத்தோடு மறுவெளியீடு. விளம்பரத்தில் ஒரு குழந்தையின் தொட்டில் வண்டி மட்டும். கேமரா மெல்ல அதைச் சுற்றி வரும். மறுபக்கம் வந்ததும் விளிம்பில் நகங்களோடு ஒரு கை. அவ்வளவுதான். மூன்று ஆண்டுகள் கிடப்பில் இருந்த அதே சுருள், ஒரு ஷாட்கூட மாற்றாமல், விநியோகப் பங்காக மட்டும் சுமார் 70 லட்சம் டாலர் கொண்டுவந்தது. அந்த வெற்றியால் 1978இல் இரண்டாம் பாகம், 1987இல் மூன்றாம் பாகம்.

மின்மினி, நீங்கள் விளம்பரம் பற்றிக் கேட்டதற்கு இதுவும் ஒரு பதில். தன் படம் விற்கப்படும் விதத்தில்தான் பிழைக்கும் அல்லது சாகும் என்பதை நேரடியாகக் கண்டவர் அவர். விளம்பரக்காரர்களைப் பற்றி அவ்வளவு கூர்மையாக எழுத வேறு பள்ளி தேவையில்லை.

செல்லுலாய்டு தம்பிக்கு ஒன்று. இன்னும் ஒரு மாதம் பொறுத்திருக்கக் கூடாதா என்று கேட்டீர்கள். அந்த அளவுப் படத்தில் ஒரு மாதம் என்பது ஒரு மாத வாடகை, ஒரு மாதச் சம்பளம், ஒரு மாத வட்டி. அதைத் தருபவர் பிறகு ஒரு நாற்காலியைப் போட்டுத் தொகுப்பறையில் உட்காருவார். பியானோ காட்சி நீளம், பாதியாக வெட்டு என்பார். எதைக் கொடுத்து எதைக் காப்பது என்ற கணக்கில் கோஹன் பாம்பைக் கொடுத்தார், பாட்டைக் காப்பாற்றினார்.


பதிவு 12 · செல்லுலாய்டு

ஐயா சொன்ன கணக்கு புரிகிறது. அப்படியும் கேட்கிறேன்: எண்பதுகளின் இறுதியில் என்ன ஆயிற்று? 1989இன் 'விக்கெட் ஸ்டெப்மதர்' படத்தில் பெட்டி டேவிஸ் சில நாட்கள் நடித்துவிட்டு விலகிவிட்டார். அவர் நடித்த கடைசிப் படம் அது. கிடைத்த காட்சிகளை வைத்துக்கொண்டு, சூனியக்காரி வேறு உருவம் எடுத்துவிட்டாள் என்று கதையை மாற்றிப் பார்பரா கரேராவை வைத்து முடித்தார். சாமர்த்தியம்தான். ஆனால் திரையில் இருப்பது சாமர்த்தியம் மட்டுமே.


பதிவு 13 · நள்ளிரவுக்காட்சி

அந்தப் படத்தை யாரும் காப்பாற்ற முடியாது. ஆனால் அடுத்த ஆண்டே 'தி ஆம்புலன்ஸ்' எடுத்தாரே. தெருவில் மயங்கி விழும் பெண்ணை ஓர் ஆம்புலன்ஸ் ஏற்றிப் போகிறது, எந்த மருத்துவமனையிலும் அவள் இல்லை. தேடி அலைகிறவன் ஒரு காமிக்ஸ் ஓவியன். யாரும் நம்புவதில்லை. 1967இன் 'இன்வேடர்ஸ்' மீண்டும் வந்து நிற்கிறது பாருங்கள்.

தொண்ணூறுகளில் அவர் படம் இயக்குவது குறைந்துபோனதற்குக் காரணம் திறமை வற்றியது அல்ல. சிறிய படங்களை வாங்கித் திரையரங்குகளுக்கு அனுப்பும் நிறுவனங்கள் ஒவ்வொன்றாக மறைந்தன. 1987இலேயே 'இட்ஸ் அலைவ்' மூன்றாம் பாகம் நேராக வீடியோவுக்குத்தான் போனது. 1996இல் இண்டியானாவின் கேரி நகரில் 'ஒரிஜினல் கேங்ஸ்டாஸ்' எடுத்தார், பழைய நண்பர் ஃபிரெட் வில்லியம்சனோடு. அதன் பிறகு அவர் இயக்கியது தொலைக்காட்சிக்காக 2006இல் ஒரு மணி நேரத் திகில் படம் மட்டும்.

ஆனால் எழுத்து நிற்கவில்லை. அறுபதுகளில் ஹிட்ச்காக்கிடம் ஒரு யோசனை சொல்லியிருந்தார்: முழுப் படமும் ஒரு தொலைபேசிக் கூண்டுக்குள். இருவருக்கும் பிடித்திருந்தது. ஆனால் அந்த மனிதன் ஏன் கூண்டைவிட்டு வெளியே வரக் கூடாது என்ற கேள்விக்குப் பதில் கிடைக்கவில்லை. ஹிட்ச்காக் மறைந்து பல ஆண்டுகள் கழித்துத்தான் கோஹனுக்கு அது பிடிபட்டது. எதிரே ஏதோ ஒரு ஜன்னலில் துப்பாக்கியோடு ஒருவன். பிறகு 'ஃபோன் பூத்' திரைக்கதை வெகு வேகமாக முடிந்தது. ஜோயல் ஷூமாக்கர் இரண்டு வாரத்துக்கும் குறைவான நாட்களில் எடுத்து முடித்தார். 2002 நவம்பரில் வர வேண்டியது. வாஷிங்டன் பகுதியில் மறைந்திருந்து சுடும் கொலைகள் நடந்ததால் 2003 ஏப்ரலுக்குத் தள்ளிப்போனது. உலகம் முழுக்க நன்றாக ஓடியது.

நியூயார்க்கின் நடைபாதையை அவரளவுக்குத் தெரிந்தவர் எவருமில்லை. அவர் எழுதிய அந்த நியூயார்க் நடைபாதையை லாஸ் ஏஞ்சலஸில் ஒரு தெருவை அடைத்து, ஆட்களை நிறுத்தி எடுத்தார்கள். படம் நன்றாகத்தான் இருக்கிறது. ஆனால் கூட்டத்தில் நிற்கும் ஒரு முகத்தைக்கூட எனக்கு நினைவில்லை. ஐந்தாவது அவென்யூவில் ஃபிரெட் வில்லியம்சனைத் திரும்பிப் பார்த்துவிட்டுப் போன முகங்கள் இன்னும் நினைவிருக்கின்றன.


பதிவு 14 · வெண்திரை

முகங்கள் பற்றிச் சொன்னதை ஏற்கிறேன். அந்த முகங்களுக்குச் சொந்தக்காரர்களிடம் கேட்டிருக்க வேண்டும் என்பதையும் விடமாட்டேன். இரண்டும் ஒரே நேரத்தில் உண்மையாக இருக்கட்டும்.

'காட் டோல்டு மீ டூ' படத்தில் என்னை உலுக்கியது தெருக் காட்சி எதுவும் இல்லை. மனைவியையும் குழந்தைகளையும் கொன்ற ஒரு தகப்பன், நாற்காலியில் உட்கார்ந்து, அதை எப்படிச் செய்தேன் என்று துப்பறிவாளரிடம் அமைதியாக, ஏறக்குறைய மகிழ்ச்சியோடு விவரிக்கும் காட்சி. ஓர் அறை, இரண்டு பேர். இதற்கு அனுமதியும் தேவையில்லை, கூட்டமும் தேவையில்லை, செலவும் இல்லை. கேட்டுக்கொண்டிருக்கும் டோனி லோ பியாங்கோவின் முகத்தில் பக்தியும் அருவருப்பும் ஒன்றோடொன்று மல்லுக்கட்டுகின்றன. எழுத்தாளர் என்று நீங்கள் முதல் பதிவில் சொன்னதற்கு எனக்கு இதுவே சான்று.


பதிவு 15 · மின்மினி

அடுத்து எதைப் பார்க்கலாம் என்று யாராவது சொல்லுங்களேன்.


பதிவு 16 · நள்ளிரவுக்காட்சி

'க்யூ', அதன்பின் 'தி ஸ்டஃப்', இரண்டிலும் மொரியார்டி இருக்கிறார். 'காட் டோல்டு மீ டூ' படத்தைக் கொஞ்சம் தள்ளிப் போடுங்கள்; கோஹனின் தாறுமாறான வேகத்துக்குப் பழகிய பிறகு பார்த்தால்தான் அது எவ்வளவு துணிச்சலான படம் என்று தெரியும். 'டீமன்' என்ற பெயரிலும் அது வந்திருக்கிறது, குழம்ப வேண்டாம். அவரைப் பற்றிய 'கிங் கோஹன்' என்ற ஆவணப்படம் 2017இல் வந்தது. 2019 மார்ச்சில் அவர் இறப்பதற்கு முன் எடுத்தது, அவரே உட்கார்ந்து பேசுகிறார். அதைக் கடைசியாகப் பாருங்கள்.

'பிளாக் சீசர்' பார்ப்பதாக இருந்தால் எந்தப் பிரதி என்று முதலில் பாருங்கள். இடிந்த குடியிருப்பில் முடிகிற பிரதிதான் வேண்டும்.